கமராவுக்கு அழுத அழுகை

1979 ஆவணி 14, செவ்வாய். வேலணை.

இன்றைக்கு அம்மாவின் செத்தவீடு. கொழும்பிலிருந்து இரவு மெயில் ரயிலில் வந்து சேர்ந்தனான். பெண்டுகள் கட்டிப்பிடித்து ஒப்பாரி வைக்க, நான் மரம்போல நின்றனான்.

"படத்திலை அந்த அழுகை அழுதவள், பெத்த தாய்க்கு அழ ஏலாதோ?" சின்னம்மா எல்லாருக்கும் கேட்கச் சொன்னா.

எனக்குக் கோபமும் வரவில்லை. நான் நடித்த அந்தப் படத்தில் தாயின் பிணத்தருகே அழுகிற காட்சியை நினைத்து, அதே மாதிரி அழுதுகாட்டினேன். சின்னம்மா என்னைக் கட்டிக்கொண்டா. "பாவம் பிள்ளை. தாயிலை உயிர்."

அந்தக் காட்சி எடுக்கேக்கையும் எனக்கு முதலில் அழுகை வரவில்லை. அம்மா செத்துப்போனா என்று நினைத்துத்தான் அழுதனான். படக்காரர் மூன்று தரம் எடுத்தவை. மூன்று தரமும் அம்மா செத்தவ.

இன்றைக்கு நாலாவது தரம். மிச்சம் ஒன்றும் இல்லை.