தலைகீழாக நிற்கும் தேவதாரு

துவைக்கப் போடும் முன் சட்டைப் பையை உதறினேன். தையல் மடிப்பிலிருந்து கொஞ்சம் மரத்தூள் கொட்டியது. தேவதாருத் தூள். எத்தனை தடவை துவைத்தாலும் அந்தச் சட்டையை விட்டு மணம் போகமாட்டேன் என்கிறது. நெடி மூக்கில் ஏறியதும் உன் முகம் வந்தது. கூடவே கோபமும் வந்தது. இப்போதெல்லாம் இரண்டும் சேர்ந்தேதான் வருகின்றன.

இமயமலையில் ரோடு போடும் வேலைக்கு சூப்பர்வைசராகப் போனவன் நீ. போன் செய்தால் ரோட்டைப் பற்றி ஒரு வார்த்தை பேசமாட்டாய். எப்போதும் மரம்தான். தறிக்காரர் வீட்டில் பிறந்துவிட்டு, ஆசாரியான எனக்கே மரத்தைப் பற்றிப் பாடம் எடுப்பாய். "டேய், கோபுரமாட்டம் நிக்குதுடா. பல்லவ ராஜா காலத்துலயே இது சின்னக் கன்னா இருந்திருக்கும்" என்பாய். உன் அளப்புக்கு நான் சிரிப்பேன். "ஊசி ஊசியா இலை. பனி வுழுந்தா கிளைய தாழ வுட்டுக்கினு நிக்குது. பனி உதுந்ததும் நிமிந்துக்குது. அந்த மலைய இதுங்கதான் புடிச்சிக்கினு இருக்குதாம், இங்கத்து ஜனங்க சொல்றாங்க."

நீங்கள் தங்கியிருந்த கொட்டகைக்கு மேலே, சரிவில் நின்ற அந்தத் தேவதாருக்களைத்தான் உன் காண்ட்ராக்டர் வெட்டச் சொன்னான். நம் ஊர்ப் பக்கத்து ஆள்தான். நீ மாட்டேன் என்றாய். மழை வந்தால் மண் சரியும் என்றாய். "நீ இன்னா விஞ்ஞானியா?" என்று கேட்டுச் சிரித்தானாம். அதை என்னிடம் சொல்லி நீயும் சிரித்தாய். மரங்கள் விழுந்தன. அடுத்து வந்த பெருமழையில் சரிவு மொத்தமாக இறங்கிக் கொட்டகையை மூடியது. உன்னைப் பெட்டியில் வைத்து அனுப்பினார்கள், திறக்க வேண்டாம் என்றும் சொன்னார்கள். அவன் சாவுக்குக்கூட வரவில்லை. ஆளிடம் ஒரு மாலை கொடுத்தனுப்பினான். அந்த மாலையை நான் சாக்கடையில் போட்டேன்.

போன வருஷம் அவனே என் பட்டறைக்கு வந்தான். உனக்கும் எனக்கும் இருந்த சிநேகம் அவனுக்குத் தெரியாது. புது வீடு கட்டுகிறானாம், தலைவாசல் நிலை செய்ய வேண்டுமாம். லாரியிலிருந்து மரத்தை இறக்கும்போதே எனக்கு வாசனை தெரிந்துவிட்டது.

"ஹிமாலயா மரம்பா ஆசாரி. எங்க கேம்புக்கு மேல நின்னுக்கினு இருந்தது. எவன் வூட்டுலயும் இது மாதிரி கிடையாது" என்றான். கேம்பு என்ன ஆனது என்று சொல்லவில்லை. கையில் மரம் செதுக்கும் வாச்சி இருந்தது. அதைக் கீழே வைக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

எங்கள் வேலையில் ஒரு வழக்கம் உண்டு. மரம் எப்படி வளர்ந்ததோ அப்படியேதான் நிலைக்காலை நிறுத்துவோம். அடிப்பக்கம் கீழே, நுனி மேலே. அறுத்துவிட்டால் குழப்பம் வரும் என்று அடியில் முதலிலேயே ஒரு கோடு போட்டுவிடுவோம். தலைகீழாக நிறுத்தினால் அந்த வீடு விளங்காது என்பார்கள். சாதாரண மாட்டுக்கொட்டகைக்குக்கூட நாங்கள் அப்படிச் செய்ததில்லை.

நான் செய்தேன். தெரிந்தே, இரண்டு காலையும் தலைகீழாக நிறுத்தினேன். நவதானியம் போட்டார்கள், சுமங்கலிகள் மஞ்சள் பூசினார்கள், அவன் எனக்கு வேட்டி துண்டு வைத்துக் கொடுத்தான். வாங்கிக்கொண்டேன். நீ இருந்திருந்தால் என்னைத் திட்டியிருப்பாய். "அவன் பண்ணதுக்கு மரத்த ஏன்டா தண்டிக்கற?" என்று கேட்டிருப்பாய். பாலிஷ் போடும்போது அந்தக் கேள்விதான் என்னை அறுத்தது. மரத்தைத் தடவி மன்னிப்புக் கேட்டேன். அவனை விட மனம் வரவில்லை.

கிருகப்பிரவேசம் முடிந்து, விருந்தாளிகள் கிளம்பிய பிறகு, நிலை தலைகீழாக நிற்பதை அவனிடமே சொன்னேன். முதலில் நம்பவில்லை. கணுக்கள் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கின்றன என்று காட்டினேன். முகம் வெளுத்துவிட்டது. அவன் மகள் மாசமாக இருந்தாள். மறுநாளே பட்டறைக்கு ஓடி வந்தான்.

"திருப்பி வெச்சிடுப்பா. இன்னா வேணும்னாலும் கேளு."

"உன் கொட்டாயில செத்தான் பாரு, நம்ம ஊர்க்காரன். அவன் பேரச் சொல்லு."

யோசித்தான். "அந்த சூப்பர்வைசர் பையன்..." என்று இழுத்தான். உன் பேர் அவனுக்குத் தெரியவில்லையடா. உன்னைக் கொன்றவனுக்கு உன் பேர்கூடத் தெரியவில்லை.

"அவங்க அம்மாகிட்ட போயி கேட்டுக்கினு வா. நீ பண்ணதையும் உன் வாயாலயே சொல்லு. அப்புறம் திருப்பி வெக்கறேன்" என்றேன். தப்பித்துவிடக் கூடாது என்று நானும் கூடவே போனேன்.

உன் அம்மா தறிக்குழியை விட்டு ஏறவில்லை. யார் வந்தாலும் எழுந்து தண்ணீர் கொடுக்கிறவள், அவனை உட்காரக்கூடச் சொல்லவில்லை. நீ வேண்டாம் என்று சொல்லியும் வெட்டியதை அவன் நின்றபடியே சொல்லி முடித்தான். அம்மா தறி நாடாவை நிறுத்திவிட்டு அவனை நிமிர்ந்து பார்த்தாள்.

"எம்புள்ள பேரு தெரிஞ்சிக்கினா உன் வூடு நல்லாயிடுமாய்யா? சொல்ல மாட்டேன். போ."

அவன் என்னைப் பார்த்தான். அம்மா வாயிலிருந்து பேர் வராமல் வேலையில்லை என்றேன். அன்றிலிருந்து வாரம் தவறாமல் அம்மாவின் வாசலில் வந்து நிற்கிறான். நம் ஊர் ஆசாரிகள் யாரும் நான் வைத்த நிலையில் கை வைக்கமாட்டார்கள். வெளியூர் ஆளைக் கூட்டி வந்து இடித்து மாற்றிக்கொள்ளலாம், ஏனோ அதற்கும் பயப்படுகிறான். நான் நினைத்தால் ஒரு நொடியில் உன் பேரைச் சொல்லிவிடலாம். தெருவுக்கே தெரிந்த பேர். அவன் வந்து கெஞ்சும்போதெல்லாம் அது என் நாக்கு நுனி வரைக்கும் வருகிறது. விழுங்கிவிடுகிறேன்.