பெயர் ஓடாத நாடகம்

பலேர்மோ, இத்தாலி

அன்புள்ள இந்திரா,

இவ்வளவு காலம் வாயை மூடியிருந்தது போதும். போனில் என்றால் கத்திவிடுவேன், அதனால் எழுதுகிறேன். உமது முழங்கால் நோ குறைந்ததா?

நீர் அனுப்பிய வீடியோவை நான் வேலை செய்யும் சிஞ்ஞோரா அம்மாவின் வீட்டில் பாத்திரம் கழுவும்போது பார்த்தேன். ஒரு கண்ணாடிக் குவளை உடைந்தது. விரலில் சின்னக் கீறல்தான், பயப்படாதையும்.

எங்கள் தொலைக்காட்சியின் முதல் நேரடி நாடகத்தைத் தானே இயக்கியதாகக் கோபாலசிங்கம் அதில் சொல்கிறான். இயக்கியது நான். அன்று அவனுக்கு மணிக்கூடு பார்க்கும் வேலை மட்டும்தான்.

"அண்ணை, நேரம் போகுது, வெட்டுங்கோ! பெயர் போடவேணும்!" என்று கடைசிக் காட்சியில் கத்தினான்.

"நடிக்கிற பிள்ளை அழுது முடிக்கட்டுமடா. என்ர பெயர் ஆருக்கு வேணும்?" என்றேன்.

அவள் அழுது முடித்ததும் செய்தி தொடங்கிவிட்டது. பெயர்கள் ஓடவேயில்லை. நாடகத்தைப் பதிவு செய்யவுமில்லை. அந்தத் துணிவில்தான் இன்று பொய் சொல்கிறான்.

அன்று வீட்டிலிருந்து பார்த்த நீரே, எங்கள் மகள் சாம்பவியின் அரங்கேற்றத்துக்கு அவனைப் பிரதம விருந்தினராக அழைக்கலாமா என்று கேட்கிறீர். அவன் மேடையேறினால் நான் வரமாட்டேன்.

மல்லிக் கோப்பித்தூள் கொஞ்சம் அனுப்பும். இங்கே தனியாகத்தான் குடிக்கிறேன்.

வேலைக்கு நேரமாகிறது. கையெழுத்துப் போடாமலே இதைத் தபாலில் சேர்க்கிறேன். யாருடையதென்று உமக்காவது தெரிகிறதா பார்ப்போம்.