கர்ப்பிணிகள் நுழையக் கூடாத கதவு

அக்கா,

போன வாரம் கிஷோர் பள்ளிக்கூட மைதானத்தில் விழுந்து மணிக்கட்டை உடைத்துக்கொண்டான். எக்ஸ்ரே எடுக்கும் இடத்தில் என் முந்தானையை விடாமல் பிடித்துக்கொண்டு அழுதான். படம் எடுக்கும் பெண் என்னையும் உள்ளே வரச் சொன்னாள். ஆணியில் தொங்கிய ஈய அங்கியை எடுத்து என் தோளில் மாட்டப் போனவள் சட்டென்று நிறுத்தி, "நீங்க மாசமா இருக்கீங்களாமா?" என்று கேட்டாள்.

"இல்லமா. இவனுக்கு இதனால ஒண்ணும் ஆவாதே?"

"கைக்கு எடுக்கறது கொஞ்சூண்டுதாம்மா. பயப்படாதீங்க."

அங்கியின் கனம் தோளில் இறங்கியது. பழைய ரப்பரும் யார் யாருடையதோ வேர்வையும் கலந்த ஒரு வாசனை மூக்கில் ஏறியது. அவள் கேட்ட கேள்விக்கு இல்லை என்று சொல்லிவிட்டு நான் அடுத்த வேலையைப் பார்த்தேன். கிஷோர் என் வயிற்றில் இருந்தபோது, ஆஸ்பத்திரியில் அதே கேள்வியை உங்களிடம் கேட்டார்கள்; ஆமாம் என்று சொன்னீர்கள். சொல்லிவிட்டு உள்ளே போனீர்கள். அன்று கதவுக்கு வெளியே நின்றுகொண்டிருந்தவள் நான். வீட்டுக்கு வந்த பிறகும் அந்த நினைப்பு என்னை விடவில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

அண்ணனுக்கும் தம்பிக்கும் வாக்கப்பட்டு ஒரே வீட்டுக்கு வந்தவர்கள் நாம். அந்த வருஷம் இருவரும் ஒரே சமயத்தில் மாசமாக இருந்தோம். எனக்கு அது முதல் குழந்தை. உங்களுக்கு தர்ஷினிக்குப் பிறகு இரண்டாவது. அத்தைக்குத் தலைகால் புரியவில்லை. தெருவில் எதிர்ப்படுகிறவர்களிடமெல்லாம் "ரெண்டு மருமகளும்" என்று இரண்டு விரலைக் காட்டிச் சொல்லுவார். நீங்கள் அப்போது காந்தி ரோடு பட்டுக்கடையில் புடவை பிரித்துக் காட்டும் வேலையில் இருந்தீர்கள். புதுப் பட்டின் வாசனை வந்தாலே குமட்டுகிறது என்பீர்கள். நான் வீட்டிலேயே புடவை முந்தானைக்குக் குச்சு கட்டிக்கொண்டிருந்தேன். சாயங்காலம் நீங்கள் வந்ததும் இருவரும் மாங்காயில் உப்பு தொட்டுத் தின்போம்.

உதிரம் கண்டபோது கரு கலையப் போகிறதோ என்றுதான் எல்லோரும் பயந்தோம். கருவுக்கு ஒன்றுமில்லை. பரிசோதித்த டாக்டர், கர்ப்பப்பை வாயில் புண் மாதிரி ஏதோ இருக்கிறது என்று சதை எடுத்து அனுப்பினார். முடிவு வந்ததும் புற்றுநோய் மருத்துவமனைக்குப் போகச் சொன்னார்கள். நீங்கள், உங்கள் வீட்டுக்காரரான பெரிய மாமா, அத்தை, நான் என்று நான்கு பேரும் போனோம்.

அங்கிருந்த டாக்டரம்மா எதையும் மழுப்பவில்லை. கட்டி ஆபரேஷன் பண்ணும் நிலையைத் தாண்டிவிட்டது, கரண்டு வைத்துத்தான் குணப்படுத்த வேண்டும் என்றார். கதிர் சிகிச்சைக்கு நம் ஊரில் எல்லோரும் சொல்லும் பெயரையே அவரும் சொன்னார்.

"கரண்டு அடிவயித்துலதான் வைக்கணும். குழந்தை அதே எடத்துல இருக்கு. அது தாங்காது. சில வாரத்துல தானா கலைஞ்சிடும். கலையாம தங்கினாலும் தலையும் மூளையும் சரியா வளராது."

"புள்ளய பெத்துக்கினு அப்புறம் கரண்டு வச்சிக்கலாமே டாக்டரம்மா?" என்று அத்தை கேட்டார்.

"சில பேருக்கு மருந்து ஏத்திக்கிட்டே கொஞ்ச மாசம் தள்ளிப்போடுவோம். குழந்தை பொழைக்கிற அளவுக்கு வளர்ந்ததும் ஆபரேஷன் பண்ணி எடுத்துட்டு, அப்புறம் கரண்டு. ஆனா இவங்களுக்கு இப்பதான் நாலாவது மாசம். அதுவரைக்கும் கட்டி சும்மா இருக்கும்னு என்னால உறுதி சொல்ல முடியாது."

 பிறகு நீங்கள் கேட்டீர்கள். "இப்பவே ஆரம்பிச்சா நா பொழைச்சிக்குவனா?"

"நல்ல வாய்ப்பு இருக்கும்மா."

"தள்ளிப்போட்டா?"

"கொறையும்."

அவ்வளவுதான் கேட்டீர்கள். 

அதன் பிறகு வந்த நாட்களில் வீட்டில் சாப்பாடு வைப்பதும் எடுப்பதும் மட்டும் நடந்தது. கம்பெனி வேன் ஓட்டும் பெரிய மாமா, வண்டியை வாசலில் நிறுத்திவிட்டு இறங்காமல் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி உட்கார்ந்திருப்பார். அத்தை காமாட்சி கோவிலுக்குப் போய்ப் போய் வந்தார். ஒருநாள் உங்கள் காதுபடவே, "அம்மான்னா வயித்துல இருக்கறத உட்டுக்குடுப்பாளா" என்று என்னிடம் சொன்னார்.  என் வயிற்றிலும் ஒன்று இருந்தது. உங்களிடம் எதையும் சொல்லும் தகுதி எனக்கு இல்லை என்று பட்டது.

நீங்கள் முடிவைச் சொன்னது குழாயடியில். தர்ஷினிக்குத் தலைக்கு ஊற்றிக்கொண்டிருந்தீர்கள். நான் துணி அலசிக்கொண்டிருந்தேன். அவளைத் துவட்டி உள்ளே அனுப்பிவிட்டு, ஈரக் கையோடு நின்றபடி சொன்னீர்கள்.

"நா சின்னதா இருக்கசொல்லோ எங்கம்மா போயிட்டாங்க. அம்மா இல்லாம ஒரு பொண்ணு எப்டி வளரும்னு எனக்குத் தெரியும்மா. உள்ள இருக்கறதுக்கு என்னய இன்னும் தெரியாது. இவளுக்கு நல்லா தெரியும். நா கரண்டு வச்சிக்கிறேன்."

அன்றே பெரிய மாமாவிடமும் சொன்னீர்கள். அவர் தலையாட்டினார். அத்தை அதன் பிறகு பல நாள் உங்களிடம் பேசவில்லை.

மாமாவுக்குத் தினமும் லீவு கிடைக்காது. உங்களோடு நான் போகிறேன் என்றபோது அத்தை குறுக்கே நின்றார். "கரண்டு வச்ச உடம்பு. பக்கத்துல உக்காந்தா உன் வயித்துக்கும் ஆவாது." எனக்கும் உள்ளுக்குள் பயம் இருந்தது. டாக்டரம்மாவிடமே கேட்டேன். மிஷின் நின்றால் கதிரும் நின்றுவிடும், இவர்கள் உடம்பிலிருந்து உன் குழந்தைக்கு எதுவும் வராது, மிஷின் இருக்கும் அறைக்குள் மட்டும் போகாதே என்றார். அத்தையிடம் வந்து சொன்னேன். அவர் நம்பவில்லை. நான் உங்களோடு கிளம்பினேன்.

புற்றுநோய் மருத்துவமனையின் நீளமான நடைவழியின் கடைசியில் கனத்த கதவு ஒன்று. மேலே சிவப்பு விளக்கு. பக்கத்தில் மஞ்சள் பலகையில் கறுப்பு எழுத்து: கர்ப்பிணிகளும் குழந்தைகளும் உள்ளே வரக் கூடாது. முதல் நாள் அந்தப் பலகைக்கு முன்னால் நாம் இருவரும் நின்றோம். மிஷின் இயக்கும் பையன் வந்து, எல்லாப் பெண்களிடமும் கேட்பதுபோல உங்களிடமும் கேட்டான். "மாசமா இருக்கீங்களாக்கா?"

"ஆமா," என்றீர்கள். "டாக்டரம்மாவுக்குத் தெரியும்."

அவன் முகம் மாறியது. இருங்கள் என்று சொல்லிவிட்டு உள்ளே ஓடி, டாக்டரம்மாவைக் கூட்டிக்கொண்டு வந்தான். அவர் உங்கள் தோளில் கை வைத்து, "இன்னைக்கும் வேணாம்னு சொல்லலாம்மா" என்றார். நீங்கள் இல்லை என்று தலையை மட்டும் அசைத்தீர்கள். பிறகு என் பக்கம் திரும்பினீர்கள்.

"நீ அந்தாண்ட போய் உக்காரு. போர்டு உனக்குத்தாம்மா போட்டிருக்குது."

கதவு மூடியது. சிவப்பு விளக்கு எரிந்தது. நான் நடையின் மறுகோடிக்குப் போய் உட்கார்ந்து வயிற்றின் மேல் இரண்டு கையையும் வைத்துக்கொண்டேன். விளக்கு அணைந்து நீங்கள் வெளியே வர அதிக நேரம் ஆகவில்லை.

"ஒண்ணுமே தெரில," என்றீர்கள். "சூடுகூட இல்ல. சத்தம் மட்டும் வருது."

வாரத்தில் ஐந்து நாள் போய்வந்தோம். இரண்டாவது வாரத்தில் ஒருநாள் பஸ்ஸில் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே, "காலைல புரண்டுதுமா" என்றீர்கள்.   மறுநாளும் அதே பஸ்ஸில் ஏறினோம்.

டாக்டரம்மா சொன்னபடியே நடந்தது. வலி கண்டு உங்களை வார்டில் சேர்த்தார்கள். நான் மாசமாக இருந்ததால் என்னை உள்ளே விடவில்லை; அத்தைதான் கூட இருந்தார். அத்தனை நாள் உங்களோடு பேசாமலிருந்தவர், உங்கள் துணிகளை ஒவ்வொன்றாகத் தன் கையாலேயே அலசினாராம். ஆயாவிடம்கூடக் கொடுக்கவில்லை. பழைய வேட்டியில் சுற்றிய சின்ன மூட்டையை அவரும் மாமாவும் பாலாற்றங்கரைக்கு எடுத்துப்போய் மணலைத் தோண்டி வைத்துவிட்டு வந்தார்கள். வந்ததும் அத்தை குளித்துவிட்டு, உங்களுக்கு ரசம் வைத்து எடுத்துக்கொண்டு மறுபடியும் ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினார்.

உங்களுக்கு அதோடு முடியவில்லை. மீதிக் கரண்டும், கடைசியில் கர்ப்பப்பைக்கு உள்ளேயே வைக்கும் கரண்டும் பாக்கி இருந்தன. எல்லாம் முடிந்து நீங்கள் வீடு வந்தபோது எனக்கு ஏழாம் மாதம். வளைகாப்புக்கு வந்த பெண்கள் கூடத்தில் நிறைந்திருந்தார்கள். அவர்கள் என்ன நினைப்பார்கள் என்று உங்களுக்குத் தெரியும். சமையலறையில் புளிசாதத்தைக் கிளறிக்கொண்டு அங்கேயே நின்றுவிட்டீர்கள். நான் எழுந்து வளையலோடு உள்ளே வந்து கையை நீட்டினேன்.

"வேணாம்மா. யாராச்சும் பாத்தா பேசுவாங்க."

"பாக்கட்டும்கா."

நீங்கள் போடும்போது ஒரு கண்ணாடி வளையல் உடைந்தது. இன்னொன்றை எடுத்துப் போட்டீர்கள். கிஷோர் பிறந்தபோதும் பக்கத்து வீட்டுக்காரி, "அவங்க கைல குடுக்காதமா, கரண்டு வச்ச ஒடம்பு" என்றாள். நான் கொடுத்தேன். நீங்கள் அவனை வாங்கி, முகத்தைப் பார்க்காமல், துணியை நன்றாகச் சுற்றிச் சுற்றி விட்டுக்கொண்டிருந்தீர்கள். வெகுநேரம் கழித்துத்தான் முகத்தைப் பார்த்தீர்கள்.

நோய் அடங்கியது. ஆனால் முப்பது முடியாத வயசிலேயே மாதவிலக்கு நின்றுவிட்டது. உடம்பு திடீர் திடீரென்று கொதிக்கும். மார்கழியிலும் விசிறி வேண்டும். மூத்திரத்தை அடக்க முடியாததால் கடையில் நிற்கும் வேலைக்குப் போக முடியவில்லை. என்னோடு உட்கார்ந்து குச்சு கட்டினீர்கள். தர்ஷினிக்கு ஜடை பின்னினீர்கள், வாய்ப்பாடு கேட்டீர்கள், கணக்கில் மார்க் குறைந்தால் திட்டினீர்கள். அவள் பெரியமனுஷி ஆனபோது தாய்மாமன் சீர் வரிசை எடுத்து வைக்க நீங்கள் இருந்தீர்கள். உங்களுக்கு அதைச் செய்ய யாரும் இருக்கவில்லை என்று அன்று ஒரு தடவை சொன்னீர்கள். அந்த வருஷங்களில் நீங்கள் சிரித்ததும் உண்டு. அதையும் எழுத வேண்டும்.

போன வருஷம் இருமல் வந்தது. நுரையீரலில் பரவியிருப்பதாகச் சொன்னார்கள். இந்த முறை கேட்பதற்கு உங்களிடம் கேள்வி எதுவும் இருக்கவில்லை. ஒரு விடியற்காலையில், தர்ஷினியின் பள்ளிக்கூட உடுப்பை இஸ்திரி போடச் சொல்லிவிட்டுக் கண்ணை மூடினீர்கள். நான் இஸ்திரி போட்டு முடித்துத் திரும்பினபோது மூச்சு இல்லை.

சாவு வீட்டில் ஒருத்தி சொன்னாள். "புள்ளய கலைச்சிட்டு தான் பொழைக்கலாம்னு பாத்தா. கடவுள் உட்டானா?"

அத்தை எழுந்துபோய் அவள் முன்னால் நின்றார். "வாய மூடு. பொண்ணு நிக்கிது. எம்மருமவ அதுக்கப்புறம் எட்டு வருஷம் இருந்து இந்தப் பொண்ண வளத்தா. நீ போயி உம்பொண்ண பாரு."

தர்ஷினி அங்கேயேதான் நின்றிருந்தாள். அப்போது எதுவும் கேட்கவில்லை. மாதக்கணக்கில் அதை மனசிலேயே வைத்திருந்திருக்கிறாள். பொங்கல் லீவில் ஒரு மத்தியானம், நான் குச்சு கட்டிக்கொண்டிருக்கும்போது எதிரில் வந்து உட்கார்ந்தாள்.

"சித்தி, எனக்காக அம்மா ஒரு பாப்பாவ சாவ உட்டாங்களா?"

பொய் சொல்லியிருக்கலாம், அக்கா. தானாகக் கலைந்தது என்று சொல்லியிருந்தால் நம்பியிருப்பாள். ஆனால் நாளைக்கு வேறு யாராவது வேறு மாதிரி சொல்லுவார்கள். அதனால் நானே சொன்னேன். நோய் இருந்ததையும், வைத்தியம் வைத்தால் அந்தக் குழந்தை பிழைக்காது என்று டாக்டர் சொன்னதையும், வைக்காவிட்டால் அம்மா இருப்பார்களா என்பதே சந்தேகமாக இருந்ததையும் சொன்னேன். "யாரும் அம்மாவ கட்டாயப்படுத்தல. நீ ஒண்ணும் பண்ணல, இது உன்னால ஆனது இல்ல. அம்மா யோசிச்சு அம்மாவே எடுத்த முடிவு."

அவள் பட்டு நூலை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள். "என்னய பாக்கசொல்லோ எல்லாம் அம்மாவுக்கு அது ஞாபகம் வந்திருக்குமா?"

"தெரிலமா," என்றேன். "வந்திருக்கும். ஆனா தப்பு பண்ணிட்டேன்னு ஒருநாளும் என்கிட்ட சொன்னது இல்ல."

"அது பையனா, பொண்ணா?"

"அதுவும் எனக்குத் தெரியாது."

சுற்றிய நூலை அவிழ்த்து என் கையில் கொடுத்துவிட்டு, என் மடிமேல் தலையை வைத்துப் படுத்துக்கொண்டாள். அவள் தூங்கிய பிறகும் நான் அசையவில்லை.

அவளிடம் சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு. ஆஸ்பத்திரியிலிருந்து வந்த மறுநாள், குழந்தையைப் பார்க்க வேண்டுமா என்று நர்ஸ் கேட்டதாகவும், பார்க்கிறேன் என்று நீங்கள் சொன்னதாகவும், மாமாவுக்கும் அத்தைக்கும் தெரியாமல் என்னிடம் மட்டும் சொன்னீர்கள். என்ன பார்த்தீர்கள் என்று நான் கேட்கவில்லை. நீங்களே சொன்னீர்கள்: "வெரலெல்லாம் வந்துட்டிருந்துதுமா. நகம்தான் இல்ல."

அதை நான் யாரிடமும் சொன்னதில்லை. அவள் இன்னும் வளர்ந்து, தானும் ஒரு பிள்ளையைச் சுமக்கும் வயசில் மறுபடியும் கேட்டால் சொல்வேனா என்று தெரியவில்லை. அதுவரை அது என்னிடம் இருக்கட்டும், அக்கா.