ஆடு தின்றது போக மிச்ச முகம்

மாப்ள,

காலையில் பேத்தி பள்ளிக்கூட வேலைக்கு மைதாப் பசை காய்ச்சினாள். அந்த வாசனைக்கு உன் நினைப்பு வராமல் வேறு யார் நினைப்பு வரும்? நான் ஒட்டிய போஸ்டரை உரித்துப் போன திருடன் நீ ஒருத்தன்தானே.

எண்பதுகளில் ராஜபாளையத்துச் சுவரெல்லாம் என் கைவண்ணம். படம் மாறியதும் நீ வந்து உரிப்பாய். மில்லில் கூப்பிட்டால்தான் உனக்கு வேலை; படம் வரையப் பெயிண்டுக்கு எங்கே போவாய்? நடிகையின் சேலையைக் கிழித்துத் தென்னந்தோப்பு, அடியாள் சட்டையில் நம்மூர்ச் சஞ்சீவி மலை. யாரும் சொல்லித் தரவில்லை. அதற்குப் பேர் கொலாஜாம், பேத்தி சொல்கிறாள். நாம் கிழிசல் படம் என்றோம்.

“ஏலே, இத எவம்ல வாங்குவான்?” என்பேன்.

“வாங்குறதுக்கா? பாக்குறதுக்குல்லா மாமா.”

உன் மகளுக்கு ஸ்ரீவில்லிபுத்தூரில் கல்யாணம் நிச்சயமானது. கைக்குழந்தையாக அவளை விட்டுவிட்டுச் செத்துப்போன உன் பெண்டாட்டிக்கு ஒரு போட்டோகூடக் கிடையாது. தாலி கட்டுமுன் மகள் அம்மாவைக் கும்பிடட்டும் என்று அந்த முகத்தைத் துண்டு துண்டாக ஒட்டினாய். வாசலில் காயவைத்தாய். ஆடு வந்து வாயையும் தாடையையும் தின்றுவிட்டது.

“பசையில மயில்துத்தம் போட்டா ஆடு கிட்ட வருமால? எங்கிட்ட கேக்கப்படாதா?”

“வீட்டுல ஒரே சட்டிதான் மாமா. சோறும் அதுலதான். வெசத்தப் போடவா?”

அன்றைக்கு எனக்குக் கேலி வரவில்லை. கல்யாணம் நெருங்கிவிட்டது, உன்னிடம் இருந்த தாளில் அவள் நிறமில்லை. பஸ் ஸ்டாண்டுச் சுவரில் நான் அப்போதுதான் ஒட்டிய புதுப்படப் போஸ்டரில், கதாநாயகனின் முழங்கை அவள் நிறத்தில் இருந்தது.

“பொழப்பு போயிருமே மாமா.”

“போனா ஒன் மில்லுக்கு வாரேன். தள்ளுல.”

நானே உரித்தேன். தியேட்டர் மேனேஜரிடம் ஆடு தின்றதாகச் சொன்னேன்; நம்பிவிட்டார்.

முழங்கை வளைவை நீ வெட்டி ஒட்டியதும், ஆடு தின்னுமுன் மூடியிருந்த வாய் சிரித்துவிட்டது. நீ கலங்கிப்போனாய்.

“அவ இப்பிடிச் சிரிச்சதே இல்ல மாமா. எனக்கு வாக்கப்பட்டு எங்க சிரிச்சா?”

“இப்பமாவது சிரிக்கட்டும். விடுல.”

கல்யாணத்தன்று மகள் கொஞ்ச நேரம் படத்தையே பார்த்தாள்.

“அம்மா இப்பிடித்தான் இருப்பாகளாப்பா?”

நீ என்னைப் பார்த்தாய். பிறகு, “ஆமா தாயி, எப்பவும் சிரிச்ச மொகம்” என்றாய். அவள் கும்பிட்டாள்.

உன் பெண்டாட்டியைக் குழாயடியிலும் ரேஷன் வரிசையிலும் நானும் பார்த்திருக்கிறேன், மாப்ள. ஒருநாளும் சிரிக்காத முகம். இப்போது எவ்வளவு யோசித்தாலும் அந்த முகம் வருவதில்லை. சிரித்துக்கொண்டேதான் வருகிறாள்.