பூசத்தைப் பார்த்து மணி அடித்தவனுக்கு

அண்ணே,

இன்று காலை நம் லயத்து வீட்டுவரிசையின் வாசலில் இருந்த காவல் கோபுரத்தைப் பிரித்துவிட்டார்கள். காட்டுக்குள் ஒளிந்திருந்த கம்யூனிஸ்டுகளால் இந்தப் பக்கம் இனி ஆபத்தில்லை என்று சர்க்கார் சொல்லிவிட்டதாம். முள்வேலியைப் பாய் போலச் சுருட்டினார்கள். தார் பூசிய பலகைகளைக் குவித்து நெருப்பு வைத்தார்கள். அந்தத் தார்ப்புகை தொழிற்சாலை வரை வந்து என் மூக்கில் ஏறியது. தேயிலைச் சல்லடையை அப்படியே போட்டுவிட்டு ஓடினேன். எரியப்போகிற கைப்பிடிக் கட்டையிலிருந்து உன் ஆணியைப் பிடுங்கிக்கொண்டேன்.

"ஏ பொண்ணு, துருப்பிடிச்ச ஆணிக்கா இந்த ஓட்டம்?" என்று பிரித்தவர்கள் சிரித்தார்கள்.

"இது ஆணி இல்ல. பூசம்" என்றேன்.

பைத்தியம் என்று நினைத்திருப்பார்கள். நினைக்கட்டும். தாப்பா சாலை வளைவில் லோரி கவிழ்ந்து நீ போனபிறகு, இந்தத் தோட்டத்தில் எனக்கு வானத்தைப் பற்றிப் பேச ஆள் இல்லை. அதனால் உனக்கே எழுதுகிறேன்.

நீ காவல்காரனாகச் சேர்ந்த புதிதில் உனக்குக் கிடைத்த உத்தரவு ஒன்றுதான். இருட்டிய பிறகு மலைமேல் வெளிச்சம் எதுவும் தெரிந்தால், கோபுரத்தில் தொங்கும் தண்டவாளத் துண்டை அடிக்க வேண்டும். ஒரு நாள் அந்தி கழிந்த கொஞ்ச நேரத்தில் அடித்தாய். எப்படி அடித்தாய்! ரிங்லெட் ஊர் வரை கேட்டிருக்கும். பட்டாளம் வந்தது. எல்லோரையும் வெளியே நிறுத்தி, காட்டுக்காரர்களுக்கு ஏதும் ஒளித்திருக்கிறோமா என்று அரிசிப் பானைக்குள் கத்தியை விட்டுக் கிளறினார்கள். மலையில் ஒன்றும் இல்லை.

மறுநாளும் கிழக்கு மலையின் விளிம்பில் அதே இடத்தில் அதே வெளிச்சம் வந்தது. ஊதி அணைத்த விளக்கின் புகை மாதிரி, சின்னதாக ஒரு மங்கல். கோயில் பண்டாரம் அண்ணாந்து பார்த்தார், தலையில் அடித்துக்கொண்டார்.

"அடப்பாவி, அது பூசம்டா! முருகனோட நட்சத்திரத்துக்கா பட்டாளத்தக் கூப்பிட்ட?"

உனக்குத் தெரியாததில் ஆச்சரியம் என்ன? தைப்பூசத்துக்கு வருஷா வருஷம் காவடி பார்த்திருக்கிறோம். பூசத்தை யார் பார்த்திருக்கிறோம்? அன்றைக்கு முழுநிலா அதன் பக்கத்திலேயே ஏறி உட்கார்ந்துகொள்கிறது. அந்த வெளிச்சத்தில் பூசம் கரைந்துபோகிறது. நட்சத்திரத்தின் பெயரில் திருவிழா. அந்தத் திருவிழா அன்று நட்சத்திரத்தைக் காணோம்!

லயமே உன்னைப் 'பூசம்' என்று கூப்பிட ஆரம்பித்தது. காவலுக்குத் தலைவராக ஈப்போவிலிருந்து வந்த கோப்ரல் ஒருபடி மேலே போனார். "இன்னொரு தடவ இப்படி அடிச்சேன்னா, பெல்ட்டக் கழட்டி வச்சிட்டு மலைக்குக் கொழுந்து பறிக்கப் போயிடுலா" என்றார். உன் பயம் கேலிக்கு இல்லை என்று எனக்குத் தெரியும். நீ சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னாய்: "அடிச்சா வேல போயிரும். அடிக்காம விட்டு நெசமாவே ஆள் வந்தா, உசுரு போயிரும். நான் எதப் பாத்து புள்ள முடிவு பண்றது?"

 அந்தக் கேள்விக்குப் பதில் கடலைப் பொட்டலத்தில் வந்தது. நான் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டேனே தவிர, படிப்பதை விடவில்லை. ஓர் இடத்தில் உட்காரச் சொன்னால்தான் எனக்கு ஆகாது. நடந்துகொண்டே எதையும் படிப்பேன். ரிங்லெட்டில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கும், நாம் 'நானா' என்று கூப்பிடும் முஸ்லிம் பெரியவர், பழைய பத்திரிகைகளைக் கிழித்துத்தான் கடலை கட்டுவார். அதில் ஒரு தாளைப் படித்துவிட்டு, கடலையைக்கூடத் தின்னாமல் கோபுரத்து ஏணியில் ஏறினேன்.

"அண்ணே, உன்ன மாதிரியே ஒருத்தன் இருந்திருக்கான்!"

பிரான்சு நாட்டுக்காரன். வால்நட்சத்திரம் பிடிக்கிற பைத்தியம். வானத்தில் எங்கே மங்கலாக ஏதாவது தெரிந்தாலும் வால்நட்சத்திரம் என்று துள்ளுவான். பார்த்தால் அது அசையாது. அக்கம்பக்கத்து நட்சத்திரங்களோடு அங்கேயே கிடக்கும். ஏமாந்து ஏமாந்து அலுத்துப்போய், இனி யாரும் ஏமாறக்கூடாது என்று, ஏமாற்றுகிற மங்கல்கள் எங்கெங்கே இருக்கின்றன என்று குறித்து வைத்துவிட்டான். அவன் தேடிய வால்நட்சத்திரங்களைவிட, வேண்டாம் என்று ஒதுக்கிய அந்த மங்கல்கள்தான் பிறகு பெரிய விஷயமாகிவிட்டன.

 நீ சட்டைப்பையிலிருந்து ஓர் ஆணியை எடுத்துக் கைப்பிடிக் கட்டையில் அடித்தாய். இன்னோர் ஆணியை எதிர்த் தூணில் அடித்தாய். இரண்டையும் ஒரே கோட்டில் வைத்துப் பார்த்தால் மலைவிளிம்பில் பூசம் ஏறுகிற இடம். "இனி இவன் என்னைய ஏமாத்த முடியாது" என்றாய்.

அங்கே பெட்டிக்குள் பைனாகுலர் ஒன்று சும்மா கிடந்தது. "அது பகல்ல பாக்கறதுக்கு. இருட்டுல என்னத்தப் பாக்கறது?" என்றாய். நான் பிடுங்கிக்கொண்டேன். பூசத்துக்கு நேராகப் பிடித்தேன்.

அண்ணே, அது உடைந்தது! ஒரு மங்கல், அப்படியே பொரி சிந்தினாற்போல, நட்சத்திரம் நட்சத்திரமாகச் சிதறி நின்றது. நான் கத்தின கத்தலில் கீழே நாய் குரைத்தது. நீ வாங்கிப் பார்த்தாய். "புகை இல்ல புள்ள. கூட்டம்!" என்றாய். பலகை அதிரக் குதித்தாய். முதன்முதலில் இதற்கு நேராகத் தொலைநோக்கியைப் பிடித்த இத்தாலிக்காரனும் இப்படித்தான் குதித்திருப்பான்.

அப்புறம் நம்மை யாரால் பிடிக்க முடிந்தது? கார்த்திகையைப் பார்த்தோம், ஆறு என்று நினைத்தது அள்ளி இறைத்த மாதிரி ஆனது. நேர்வரிசையில் நிற்கும் மூன்று நட்சத்திரங்களுக்குப் பக்கத்தில் ஒரு மங்கல். "இது மட்டும் ஒடைய மாட்டேங்குதே" என்று நீ கண்ணைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தாய். உடையாது, அது நிஜமான மேகம், நட்சத்திரம் பிறக்கிற மேகம் என்று அடுத்த பொட்டலத்தில் படித்துச் சொன்னேன். ஒவ்வொன்றுக்கும் ஒரு ஜோடி ஆணி. அந்தப் பத்திரிகையில் ஓர் அண்ணன் தங்கையும் வந்தார்கள். பாட்டு வாத்தியக்கார அண்ணன் தொலைநோக்கியில் பார்த்துச் சொல்லச் சொல்ல, தங்கை பக்கத்தில் இருந்து எழுதிக்கொள்வாளாம். பிறகு அவளே தனியாக வால்நட்சத்திரங்களைக் கண்டுபிடித்தாளாம். "அப்ப நீ பாத்துச் சொல்லு, நான் ஆணி அடிக்கிறேன்" என்றாய். அண்ணன்மார்களில் யார் இப்படிச் சொல்வார்கள்?

இப்போது அந்தச் சாயங்காலம். ரிங்லெட் கல்யாணத்துக்கு அம்மாவும் லயத்துப் பெண்களும் லோரியில் போயிருந்தார்கள். வேலி வாசல் மூடும் நேரம் கடந்தும் வரவில்லை. இருட்டிவிட்டது, பனி இறங்கிவிட்டது. நான் சாப்பாட்டுத் தூக்கோடு ஏணியில் நின்றேன். மலைக் கணவாயில் ஒரு மங்கல் தெரிந்தது.

"சோசியரே, இது எந்த நட்சத்திரம்?" என்றார் கோப்ரல்.

நீ ஆணிகளில் கண்ணை வைத்துப் பார்த்தாய். "நம்ம ஆணி எதுலயும் இல்லைங்க. இது வானத்துல இல்ல. மலையிலதான் இருக்கு."

கோப்ரல் துப்பாக்கியைத் தூக்கினார். "அப்புறம் என்ன பார்வ? மணிய அடி!"

"அண்ணே, அம்மா இன்னும் வரலண்ணே!" என்று நான் அலறினேன்.

"வாய மூடு புள்ள." நீ பைனாகுலரை எடுத்துக் கண்ணில் வைத்தாய். "கோப்ரல், கொஞ்சம் பொறுங்க. ஒடையுதான்னு பாத்துக்கிறேன்."

"என்னடா ஒடையுறது? பீங்கான் கோப்பையா?"

பனி கொஞ்சம் விலகியது. 

"கூட்டம்! கோப்ரல், கூட்டம்!"

"கூட்டமா? அது இன்னும் மோசம்லா!"

"இல்லைங்க. ஆளுக்கொரு வெளக்கு. வரிசையா வருது. ஒளிஞ்சு வர்றவன் ஆளுக்கொரு வெளக்கப் பிடிச்சுக்கிட்டா வருவான்?"

கோப்ரல் துப்பாக்கியை இறக்கவில்லை. நீ அவருக்கும் மலைக்கும் நடுவில் போய் நின்றாய்.  அப்போதுதான் பனிக்குள்ளிருந்து அந்தக் குரல் வந்தது.

"நடு ரோட்டுல நிறுத்திட்டான் பாவி! அந்த லோரிக்காரன் வாயில மண்ணு விழ!"

அம்மா! உலகத்தில் வேறு யாருடைய வசவும் அவ்வளவு இனிப்பாக இருந்ததில்லை. லோரி பழுதானதும் திரும்பிப் போய் நானா கடையில் போத்தல் விளக்குகள் வாங்கி, ஆளுக்கொன்றாகப் பிடித்துக்கொண்டு நடந்தே வந்திருக்கிறார்கள். வெளிச்சத்தோடு வந்தால் யாரும் சந்தேகப்பட மாட்டார்கள் என்பது அம்மாவின் யோசனை. தூரத்துப் பனியில் அத்தனை விளக்கும் ஒரே மங்கலாகும் என்று அவளுக்கு யார் சொல்வது?

கோப்ரல் துப்பாக்கியைத் தூணில் சாய்த்து வைத்தார். பிறகு, "அந்தப் பூசத்து ஆணி எதுடா? எனக்கும் காட்டு" என்றார்.

நம்மால் பார்க்க முடியாமல் போனது ஒன்றுதான். முன்னொரு காலத்தில் பாரசீகத்தில் ஒருவர் 'குட்டி மேகம்' என்று எழுதிவைத்தாரே, அது. மேகமே இல்லை, நம் பால்வீதிக்கு வெளியே இன்னொரு முழு நட்சத்திர உலகம் என்று நான் படித்ததும் நீ ஏணியில் உட்கார்ந்துவிட்டாய். "அங்கயும் ஒருத்தன் நம்மளப் பாத்து மணி அடிக்கப் போறான்" என்றாய். வடக்கு மலை மறைத்தது, பிறகு மழை மறைத்தது, பிறகு நீ இல்லை. அதை நான் பார்க்காமல் விடமாட்டேன். மலையிலேயே உயரத்தில் இருக்கிற கியா பார்முக்கு மேலே ஏறியாவது பார்ப்பேன்.

பைனாகுலர் பட்டாளத்தோடு போய்விட்டது. என்னிடம் இருப்பது இந்த ஆணி மட்டும். இன்று இருட்டியதும் கோபுரம் இருந்த இடத்துக்குப் போனேன். அம்மாவையும் இழுத்துக்கொண்டு போனேன். நிலா இல்லை. வேலியும் இல்லாமல் மலை பக்கத்தில் வந்து நின்றது போல இருந்தது. பூசம் ஏறியது. வெறுங்கண்ணுக்கு அதே பழைய மங்கல்தான்.

அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துவிட்டுப் பார்த்தாள். "இதுக்கா எம்புள்ள மணி அடிச்சான்? ஏதோ புகை மாதிரியில்ல இருக்கு."

நான் அவள் கையில் ஆணியை வைத்தேன்.

"புகை இல்லம்மா. கூட்டம்."