வரிசையின் வாலில் நின்றவளுக்கு

கதவுக்குப் பின்னால் ஆணியில் உன் சாக்கு தொங்குகிறது. நனைந்த சணலும் பழைய காப்பிக்கொட்டையும் கலந்த வாசனை. அடுப்படி வரைக்கும் வந்துவிட்டது. அம்மா மூக்கைச் சுளித்தாள். எடுத்து வெளியே போடு என்று மட்டும் சொல்லவில்லை.

உன் அம்மாதான் கொடுத்தாள். மழைக்குத் தலையில் மாட்டிக்கொள்ள ஒரு மூலையை மறு மூலைக்குள் திணித்து நீ மடித்து வைத்த கொங்காடை, மடிப்புக் கலையாமல் அப்படியே இருந்தது. "இந்தா சாமி, நீயே வெச்சுக்க. ஊட்டுல இருந்தா இதையே பாத்துக்கிட்டு உக்காந்திருக்கறேன்" என்றாள். பள்ளிக்கூடம் போகாமலிருக்க ஒரு சாக்கு தேடிக்கொண்டிருந்தேன், கிடைத்துவிட்டது என்று ஒரு வாக்கியம் என் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. வந்து, அங்கேயே உட்கார்ந்துகொண்டது. நீ இருந்தால் என் முகத்தைப் பார்த்தே, "சொல்லித் தொலைடி, இல்லாட்டி உனக்கு வவுறு வீங்கிரும்" என்பாய்.

எனக்கு இப்போது எதுவும் வீங்குவதில்லை. எதுவும் வலிப்பதும் இல்லை. ஊசி போட்டுப் பல் பிடுங்கினால் கன்னம் இருக்குமே, அதுபோல முழு உடம்பும் இருக்கிறது.

அப்பாவுக்கு எஸ்டேட்டில் ஜீப் ஓட்டும் வேலை கிடைத்து நாங்கள் சேலத்திலிருந்து வந்தபோது, மூடுபனி என்றால் அழகாக இருக்கும் என்று நினைத்திருந்தேன். ஏற்காட்டில் ஏறவும் காடு, இறங்கவும் காடு, நடுவில் பள்ளிக்கூடம் எதற்கு என்று அப்பாவிடம் கேட்டேன். பதில் முதல் மூடுபனி நாளிலேயே கிடைத்தது. லைன் வீடுகளிலிருந்து பஸ் நிற்கும் பாலம் வரைக்கும் காப்பிச் செடிகளுக்குள்தான் வழி. மேகம் இறங்கிவிட்டால் நீட்டிய கை தெரியாது. அதனால் பிள்ளைகள் வரிசையாக நடப்பார்கள். முன்னால் போகிறவளின் பையைப் பின்னால் வருகிறவள் பிடித்துக்கொள்ள வேண்டும். வழிகாட்டி சாந்தி. எஸ்டேட்டில் கணக்கெழுதும் ரைட்டரின் மகள், இப்போது பத்தாம் வகுப்பு. ரைட்டர் மகளாக இருந்தாலும் செய்வதெல்லாம் ராங்கு.

பாதி வழியில் சாந்தி "அறு!" என்று கத்துவாள். கடைசி ஆளுக்கு முன்னால் நிற்பவள் அந்தக் கடைசி ஆளின் கையை உதறிவிட வேண்டும். உதறியதும் எல்லோரும் ஓடுவார்கள். வால் மட்டும் தனியாக நிற்கும். உதறாதவள்தான் நாளைக்கு வால். அவ்வளவுதான் சட்டம். உதறிய ஒருத்தியும் கெட்டவள் இல்லை. நாளைக்குத் தான் கடைசியில் நிற்கக்கூடாதே என்ற பயத்தில் கை தானாக உதறிவிடும். சாந்திக்குப் பெரிய வேலை இல்லை. ஒரு சொல் சொன்னால் போதும், மிச்சத்தை எங்கள் பயமே பார்த்துக்கொண்டது.

புதிதாக வந்தவள் நான்தானே வால்? அறுத்தார்கள். செடிக்குள்ளிருந்து யாரோ நரி மாதிரி ஊளையிட்டார்கள். மூக்கொழுக அழுதுகொண்டு பாலத்துக்கு வந்து சேர்ந்தேன். "சேலத்து மாம்பழம் அழுகிப்போச்சுடோய்!" என்றாள் சாந்தி. எல்லோரும் சிரித்தார்கள். எனக்குள் என்ன புகுந்ததோ, "அழுகினாலும் மாம்பழம் மாம்பழந்தான். உங்களாட்டம் காப்பிக்கொட்டையா, வறுத்து அரைச்சாத்தான் வாசம் வர்றதுக்கு?" என்று கேட்டுவிட்டேன். சாந்தியே சிரித்துவிட்டாள். மறுநாள் வரிசையின் நடுவில் எனக்கு இடம் கிடைத்தது. அதன்பிறகு நான் தினமும் சிரிக்க வைத்தேன். வாத்தியார் மாதிரி நடந்து காட்டினேன், நாற்காலிக் காலில் நூல் கட்டி இழுத்தேன். எல்லோரும் என்னைச் சேட்டைக்காரி என்றார்கள். நடுவில் நிற்க நான் கொடுத்த வாடகை அது என்று உனக்கு மட்டும் தெரியும். நான் சொல்லாமலே தெரியும்.

நீ வந்தது போன வருடம் பள்ளிக்கூடம் திறந்த சமயம். அதுவரை மஞ்சக்குட்டையில் மாமா வீட்டிலிருந்து படித்தாய். சாக்கைத் தலையில் மாட்டிக்கொண்டு தோட்டத்து வரப்பிலிருந்து இறங்கி வந்தாய். "மூட்டை வருது, மூட்டை வருது" என்றார்கள். நீ நின்றாய். "ஆமா, மூட்டைதான். தூக்கறியா?" என்றாய். என் தொழிலுக்கே ஆபத்து வந்துவிட்டது என்று அப்போதே நினைத்தேன்.

அன்றைக்கு வால், ஆறாம் வகுப்பு மல்லிகா. மேகம் இறங்கும் நாளெல்லாம் அவளுக்கு வயிற்றுவலி வந்துவிடும். அழுகையை விழுங்கிக்கொண்டு நின்றாள். நீ யாரையும் கேட்கவில்லை. அவள் தோளைப் பிடித்து முன்னால் நகர்த்திவிட்டு, நீ பின்னால் போய் நின்றாய்.

"ஏ மூட்டை, கடைசி ஆளை அறுத்து உட்ருவோம், தெரியுமில்ல?" என்றாள் சாந்தி.

"அறுங்க."

"நாளைக்கும் நீதான் வாலு."

"நாளைக்கும் நாந்தான், நாளானைக்கும் நாந்தான். இனி இந்த எடத்துக்கு யாரும் அடிச்சுக்க வேண்டாம்."

மல்லிகாவின் காதில், "அவ கத்துனா உதறிரு. என்னைப் பத்தி நெனைக்காத" என்று நீ சொன்னதும் கேட்டது. அறுத்தார்கள். ஓடினோம். மூச்சிரைக்கப் பாலத்துக்கு வந்தால், கட்டைச் சுவரில் நீ உட்கார்ந்து பேரிக்காய் கடித்துக்கொண்டிருந்தாய். "எங்கடி போனீங்க எல்லாரும்? காணமேன்னு தேடிக்கிட்டிருக்கறேன்!"

அன்றைக்கு எல்லோரும் சிரித்த சிரிப்பு என்னால் வந்தது இல்லை. எனக்குக் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருந்தது.

பிறகும் சில நாள் சாந்தி "அறு" என்று கத்திப் பார்த்தாள். ஒருத்தியும் உதறவில்லை. உதறாவிட்டால் என்ன? நாளைக்கு வால் ஆவாய். அந்த இடத்தில்தான் ஏற்கனவே ஆள் இருக்கிறதே! மிரட்ட எதுவும் மிச்சமில்லை. அவள் குரல் மூடுபனிக்குள் போய் அங்கேயே நின்றது. ஒருநாள் கத்துவதையே விட்டுவிட்டாள். மல்லிகாவின் வயிற்றுவலியும் நின்றது.

ரைட்டர் வீட்டுக்குப் பழம் கொடுக்கப் போய்விட்டு வந்த ஒரு சாயங்காலம் நீ தரையைப் பார்த்தே நடந்தாய். நான் சாந்தி மாதிரி இடுப்பில் கை வைத்துக் காட்டினேன். நீ சிரிக்கவில்லை. "உடுடி. அவ ஊட்டுல அவதான் கடைசி" என்றாய். அங்கே என்ன பார்த்தாய் என்று கேட்டேன். சொல்லவில்லை. அதன்பிறகு சாந்தி மாதிரி நடித்துக் காட்ட எனக்கு வரவில்லை.

பஸ்ஸில் கடைசியாக ஏறுகிறவள் நீ. நான் படியில் நின்று கை கொடுப்பேன். உன் கை எப்போதும் ஈரமாக இருக்கும்.

"என்னடி, கையெல்லாம் ஈரம்?"

"மழை."

"இத்தாச்சோட்டுப் பெரிய சாக்கு மாட்டியும் நனையறியே, கையை மட்டும் வெளியில காயப் போட்டிருந்தியா?"

நீ சிரிப்பாய். "உனக்குப் பயமே இல்லையாடி?" என்று ஒருமுறை கேட்டதற்கு, "எங்க காடு. எனக்கென்ன பயம்?" என்றாய். நம்பினேன். நீ சொன்னால் நம்பத்தான் வேண்டும், முகம் அப்படி.

ஐப்பசி மழையில் உன் கண் மஞ்சளானது. பச்சிலை கொடுத்தார்கள். நான் வந்து பார்த்தபோது, "வெய்யிலே இல்லாத ஊருல நீ மட்டும் மஞ்சளா இருக்கறியே" என்றேன். சிரித்தாய். அதுதான் கடைசி என்று தெரிந்திருந்தால் இன்னும் நல்லதாக ஏதாவது சொல்லியிருப்பேன். நினைவு தப்பிய அன்று அப்பாதான் எஸ்டேட் ஜீப்பில் உன்னைச் சேலம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். திரும்பி வந்து ஜீப்பைக் கழுவினார். கழுவி முடித்த இடத்தையே மறுபடியும் கழுவினார். அம்மா வாசலில் நின்று, "ஏனுங்க, போதுமுங்க, வாங்க" என்றாள். அவர் வாளியை எடுத்துக்கொண்டு மறுபடி குழாயடிக்குப் போனார். நான் சோறு தின்றேன். ரசம் நன்றாக இருந்தது என்பது ஞாபகம் இருக்கிறது. பள்ளிக்கூடத்தில் உனக்காக எல்லோரையும் எழுந்து நிற்கச் சொன்னார்கள். நான் மணிக்கயிற்றைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அழுகையும் வரவில்லை, கிண்டலும் வரவில்லை. இரண்டு குழாயும் ஒரே நாளில் அடைத்துக்கொண்டன.

அதற்குப் பிறகு வெயிலடித்த நாட்களில் தொல்லை இல்லை. அவரவர் பாட்டுக்கு நடந்தோம். போன வாரம் மேகம் இறங்கியது. வரிசை கட்டும்போதுதான் எல்லோருக்கும் தெரிந்தது, உன் இடம் காலி. எல்லோரும் முன்னால் நகர்ந்தார்கள். தள்ளித் தள்ளி, கடைசியில் மல்லிகா நின்றாள். சாந்தி கத்தினாளா, அவளுக்குப் பதிலாக வேறு யாராவது கத்தினார்களா, தெரியவில்லை. "அறு" என்று கேட்டது. எல்லோரும் ஓடினார்கள். நடுவில் வாடகைக்கு நின்றவளும் கூட்டத்தோடு ஓடினாள். அன்றைக்கு மல்லிகா பஸ்ஸுக்கு வந்து சேரவில்லை.

இன்று காலை மறுபடியும் மேகம். அவள் வீட்டு வாசலில் அவள் அம்மா நின்றிருந்தாள். "வவுறு வலின்னு சுருண்டு படுத்துக்கறா கண்ணு. படிச்சது போதும், காப்பிப்பழம் பறிக்க வரட்டும், கூலியாச்சும் வருமுன்னு அவங்கப்பா சொல்றாரு." உள்ளே போர்வைக்குள்ளிருந்து இரண்டு கண்கள் தெரிந்தன.

"எந்திரி. நான் பின்னாடி நிக்கறேன்" என்றேன்.

அவள் என்னையே பார்த்தாள். நான் எதைச் சொன்னாலும் அடுத்து ஒரு கிண்டல் வரும் என்று காத்திருந்து பழகியவள். வரவில்லை என்றதும், "நெசமாவாக்கா?" என்றாள்.

வீட்டுக்கு ஓடிவந்து சாக்கை எடுத்து மாட்டிக்கொண்டேன். வரிசைக்கு வந்தபோது யாரோ சிரித்தார்கள். "என்னடி மூட்டை மறுபடியும்..." என்று ஆரம்பித்த சாந்தி, பாதியில் நிறுத்தினாள். அவள் முகம் எனக்குச் சரியாகத் தெரியவில்லை. நான் மல்லிகாவின் பையைப் பிடித்துக்கொண்டு, "கத்துனா உதறிரு. என்னைப் பத்தி நெனைக்காத" என்றேன். உன் குரலிலேயே வந்தது. நடிக்கவில்லை.

கத்தினார்கள். மல்லிகா உதறினாள். சொன்னபடி செய்கிற பிள்ளை.

காலடிச் சத்தம் தேய்ந்து போனது. பிறகு எதுவும் இல்லை. எந்தப் பக்கம் திரும்பினாலும் வெள்ளை. உனக்குத் தெரிந்த குறுக்கு வழி எனக்குத் தெரியாது. இலையிலிருந்து நீர் சொட்டுவது யாரோ நடப்பது போலக் கேட்டது. இத்தனை நாள் மரத்துக் கிடந்தவளுக்கு முதலில் திரும்பி வந்தது அழுகை என்றா நினைக்கிறாய்? பயம். சாக்கின் இரண்டு ஓரத்தையும் கழுத்தடியில் சேர்த்து இறுகப் பிடித்துக்கொண்டேன், நீ பிடிப்பது போல. சாக்குக்குள் மழை வராது. ஆனாலும் கொஞ்ச நேரத்தில் என் உள்ளங்கை இரண்டும் சொதசொதவென்று நனைந்துவிட்டன.

அப்போதுதான் தெரிந்தது.

காலுக்குச் சரளைக்கல் தட்டுப்படும் வழியாகவே போனேன். செடியில் முட்டினால் திரும்பினேன். வெகுநேரம் கழித்து ஹாரன் சத்தம் கேட்டது. பாலத்தில் பஸ் நின்றுகொண்டிருந்தது. ஒரு கால் படியிலும் ஒரு கால் தரையிலுமாக மல்லிகா நின்றாள். கண்டக்டர் அவளிடம் கத்திக்கொண்டிருந்தார்.

"ஏனம்மிணி, இதென்ன உங்கூட்டு மாட்டுவண்டியா, நெனைச்ச பக்கம் நிறுத்தறதுக்கு? ஏறு மேல!"

"இன்னொரு ஆளு வருதுங்கண்ணா. சித்த இருங்க."

"எத்தனை சித்தம்மா?"

"வந்துருச்சுங்க!"

அவள் கை நீட்டினாள். பிடித்து ஏறினேன். கண்டக்டர் ரைட் என்றார். உள்ளே ஒருத்தியும் சிரிக்கவில்லை. சாந்தி ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்திருந்தாள். மல்லிகா என் கையை விடாமல் குனிந்து பார்த்தாள்.

"அக்கா, கையெல்லாம் ஈரமா இருக்குது."

"மழைடி" என்றேன்.

அவள் எட்டி வெளியே பார்த்தாள். ஒரு தூறல்கூட இல்லை. என் கையைத் தன் பாவாடையில் துடைத்துவிட்டாள்.

சாக்கு இன்னும் காயவில்லை. நாளைக்கும் மேகம் இறங்கும் என்று அப்பா சொல்கிறார். ஈரத்தோடேதான் மாட்டிக்கொள்ள வேண்டும்.