பொறிவண்டைக் கொல்வித்த நாடாள்வானுக்கு

நீர்வளம் நிலைபெறுக, நெல் முதிர்ந்து தலைசாய்க, பழனக் கூற்றத்து மாந்தர் யாவரும் பசியறியாது வாழ்க.

நெடுந்துறை நாட்டின் அரியணை அமர்ந்து ஆறு கூற்றங்களையும் காக்கும் கோதைமாதேவியாகிய நாம், பழனக் கூற்றத்து நாடாள்வானும் நம் அன்னையின் உடன்பிறந்தாருமாகிய சாத்தன் எயினனாருக்கு, நமது ஆட்சியின் ஒன்பதாம் ஆண்டு கார்த்திகைத் திங்கள் பதினேழாம் நாள் விடுக்கும் ஓலை.

உமது மனைக்கும், உமது கூற்றத்துக் கோயில்களுக்கும், கருநீராற்றின் இருகரைக் குடிகளுக்கும் நம் வாழ்த்து உரியதாகுக. அம்மான் என்னும் முறை கருதித் தாங்கள் என்றே எழுதிப் பழகிய நாம், இன்று நீர் என்று எழுதுவிக்கிறோம். இது மருமகள் மாமனுக்கு எழுதும் ஓலை அன்று.

சென்ற திங்கள் இருபத்தெட்டாம் நாள், வாளையூரிலிருந்து நல்லி என்னும் உழத்தி நம் வாயிலை அடைந்தாள். ஏழு நாள் நடந்த கால்கள் வீங்கியிருந்தன. ஒரு கையில் கரிந்த நெற்கதிர்க் கட்டும், மறு கையில் துளையிட்ட மூடியுடைய பனையோலைப் பெட்டியும் கொண்டிருந்தாள். அவள் கணவன் நீலன் வேளான் உமது சிறையில் இருப்பதையும், அவர்களது விளைவயல் உமது ஆணையால் எரிக்கப்பட்டதையும், நாம் நியமித்த அலுவலாட்டியாகிய கொற்றியும் அதே சிறையில் கிடப்பதையும் அவள் வாயால்தான் அறிந்தோம். உமது ஓலைகள் நான்கு இவ்விடைக்காலத்தில் வந்தன. அவற்றில் யானைகளின் நலம் இருந்தது; உமது பேரனின் காதணி விழா இருந்தது. இது இல்லை.

நிகழ்ந்தவற்றை உமக்கே எடுத்துரைக்க வேண்டியிருப்பது வெட்கம். ஆயினும் நீர் மறுக்க இடமின்றி உரைக்கிறோம்.

புரட்டாசியில் உமது கூற்றத்துச் சம்பாவில் புகையான் விழுந்தது. தூரின் அடியில் ஒட்டிக்கொண்டு சாறுறிஞ்சி, வயலை வட்டம் வட்டமாகப் புகைபட்டது போல் காயவைக்கும் சிறு பூச்சி அது. அதனைக் கண்டு அஞ்சியது குற்றம் அன்று. அஞ்சிய நீர் என் செய்தீர்? குடிக்கு ஒரு நாழி பூச்சி நாள்தோறும் கோட்டை வாயிலில் அளக்கப்பட வேண்டும், அளக்காதவர்க்குப் பத்துக் கசையடி என முரசறைவித்தீர். எந்தப் பூச்சி என்று நீரும் சொல்லவில்லை, உம் எழுத்தரும் கேட்கவில்லை. பறப்பதும் ஊர்வதும் சிறிதாயிருப்பின் பூச்சியே என்று அவர் எழுதிவைத்த வரியை நாம் கண்டோம். நத்தையும் அந்த நாழியில் விழுந்ததாமே!

குடிகள் என் செய்வர்? தொட்டால் தெறித்தோடும் புகையானைப் பிடித்து நாழி நிரப்ப யாரால் ஆகும்? கைக்கு எளிதில் அகப்பட்டவற்றைப் பிடித்தனர். இலைமேல் அசையாதிருக்கும் பொறிவண்டைப் பிடித்தனர். வரப்பில் அமரும் தட்டானைப் பிடித்தனர். வலை கட்டிக் காத்திருக்கும் சிலந்தியைப் பிடித்தனர். புகையானைத் தின்று நெல்லைக் காத்துவந்தவை இவையே. காவலரை எல்லாம் கொன்று அளந்துவிட்டுக் கள்வரை வயலில் விட்டுவைத்தீர்.

கொற்றி உம்மிடம் வந்தாள். மெழுகு எடுக்கும் குடியிற் பிறந்தவள் அவள். நெடுந்துறை நாட்டுச் சிற்றுயிர் அனைத்தையும் இனம் பிரித்து எழுதுக என்று நான்கு ஆண்டுகளுக்கு முன் நாம் பணித்தவள். உடல் மூன்று கூறாய், ஆறு கால் உடையவை மட்டுமே பூச்சி என வரையறுத்தவள். எட்டுக் கால் சிலந்தியை அக்குடியினின்று விலக்கித் தனியே வைத்தவள். பூச்சிகளுள்ளும், சிறகைப் பார்த்தும் வாயைப் பார்த்தும் வகுத்தாள். ஈக்கும் கொசுவுக்கும் சிறகு இரண்டே. வண்டுக்கு முன்சிறகு வன்மையான உறையாகி, பின்சிறகை மூடிக் காக்கும். பட்டாம்பூச்சியின் சிறகில் தூள்போல் செதிள் படிந்திருக்கும். புகையானுக்கோ மெல்லும் வாயே இல்லை. ஊசிபோல் குத்தி உறிஞ்சும் வாய். அவ்வாறு பிரித்தும் அவள் நிற்கவில்லை. உறைச்சிறகு உடையவற்றிலேயே இலையைச் சுரண்டும் முள்வண்டும் உண்டு, இலையைக் காக்கும் பொறிவண்டும் உண்டு என்று கண்டு, இனத்துக்குள் இனம் பகுத்தாள். முட்டையிலிருந்து முதிர்வு வரை ஒவ்வொன்றையும் வளர்த்துப் பார்த்து, கரிய முட்புழுவாய் ஊர்வதும் செந்நிறப் பொறிவண்டாய்ப் பறப்பதும் ஒரே உயிர் என்று கண்டாள். உமது ஆட்கள் அப்புழுவையும் வேறொரு பகை என்று நசுக்கினர்.

உமது அவையில் அவள் கூறியதை, அங்கிருந்த கணக்கர் ஒருவர், நல்லி வந்தபின் நாம் வினவ, மறைக்காது எழுதியனுப்பினார். "நாடாள்வாரே, இது ஆறு காலு, அது எட்டுக் காலு. குத்துற வாயி வேற, மெல்லுற வாயி வேற. எல்லாத்தையும் ஒரே நாழியில அளக்காதீங்க," என்றாளாம். நீர் நகைத்தீராம். பூச்சிக்குக் காலெண்ணுபவள் அரசாள்வோனுக்கு வழிகாட்டுவதோ என்றீராம். மூங்கிற்பெட்டிகளில் முள்ளிற் குத்தி, இனம் எழுதி, அவள் நான்காண்டு சேர்த்து வைத்த மூவாயிரத்துக்கு மேற்பட்ட உடல்களையும், சூனியக்காரியின் சரக்கு என்று முற்றத்தில் கொளுத்தினீர். அவளைச் சிறையிலிட்டீர்.

நீலன் வேளான் மட்டும் நாழி அளக்கவில்லை. கொற்றியின் சொல்லை நம்பிப் பத்துக் கசையடியையும் தாங்கிக்கொண்டு, தன் மூன்று வயல்களிலும் எவ்வுயிரையும் தொடாமல் விட்டான். ஐப்பசி நடுவில் சுற்றிலும் நாற்பது ஊர் வயல்கள் கருகிக் கிடக்க, அவன் வயல் பச்சையாய் நின்றது. அதைக் கண்டபின்னாவது உமக்கு அறிவு விழித்திருக்க வேண்டும். மாறாக, புகையானைப் பிறர்மேல் ஏவியவன் என்று அவனைக் கட்டுவித்தீர். பால்பிடித்த கதிரோடு வயலுக்குத் தீயிட்டீர். பசித்த ஊரின் நடுவே, கதிர்விட்டு நின்ற ஒரே நெல்லை!

நல்லி எம்முன் நின்று கூறியதை அவள் வாய்மொழியிலேயே பொறிக்கச் செய்தோம். "நாங்க ஒண்ணையும் யாருமேலயும் ஏவல தாயே. கொல்லாம விட்டோம், அவ்வளவுதான்," என்றாள். பின்பு, "நெருப்பு வச்சப்ப வண்டெல்லாம் பறந்து போச்சு. அதுகளுக்காவது சிறகு இருந்துச்சு," என்றாள்.

அவள் பெட்டியில் புகையானும் பொறிவண்டும் தனித்தனியே இருந்தன. நெல் தூர் நட்ட புதுப்பானையில் இருபது புகையானையும் நான்கு வண்டையும் விட்டு, மெல்லிய துணியால் வாய் கட்டி, காலைமுதல் நாமே அருகிருந்து கண்டோம். மாலை விளக்கேற்றுமுன் எஞ்சிய புகையான் ஐந்து. ஒரு பகல் போதுமாயிருந்தது. உமக்கு இரண்டு திங்கள் இருந்தன.

இதுகாறும் எழுதிய சினம் உமக்கு. இனி எழுதுவது நமக்கு. பூச்சி ஒழிக்க ஆணை வேண்டும் என்று புரட்டாசியிலேயே நீர் விடுத்த ஈரடி ஓலைக்கு, தேர்விழா ஆரவாரத்தில், எந்தப் பூச்சி என்று கேளாமல் இலச்சினை இட்ட கை நம் கை. கொற்றி அனுப்பிய ஓலைக்கட்டுகள் இரண்டு, நம் ஓலையறையில் அவிழ்க்கப்படாமலே கிடந்தன. பூச்சி ஓலை என்று ஏவலர் நகைத்தபோது நாமும் உடன் நகைத்தோம். அவற்றை இவ்வாரம்தான் படித்தோம். புகையான் வருமென்றும், வந்தால் எவற்றைக் கொல்லலாகாது என்றும் முதற்கட்டிலேயே எழுதியிருந்தாள். நாற்பது ஊரின் பசியில் நமக்கும் பங்குண்டு. அதை எவர் முன்னும் மறையோம்.

ஆதலின் நம் ஆணை இது. இவ்வோலை கைக்கு வந்த நாழிகையே கொற்றியும் நீலன் வேளானும் விடுவிக்கப்படுக; அவர்களது விலங்கை ஏவலர் அல்லர், நீரே கழற்றுக. நாழி அளக்கும் ஆணை இன்றோடு ஒழிக. அரச களஞ்சியங்கள் மூன்றும் நாற்பது ஊர்க்கும் திறக்கப்படுக; முதற்பங்கு வாளையூர்க்கு. வாளையூரில் நீலன் வேளானுக்கு விதைநெல் நம் சொந்த விளைநிலத்தினின்று வரும். நாடாள்வான் முத்திரையை இவ்வோலை கொணரும் தூதனிடம் ஒப்படைத்து, அடுத்த நாடாள்வானை நாம் அமர்த்துமளவும் நீர் கொற்றியின் களப்பணிக்கு உடன் செல்க. எரிந்த மூவாயிரத்தையும் மீண்டும் தேடிச் சேர்க்க அவளுக்கு ஆள் வேண்டும். அவள் இடும் வேலையை நீர் செய்க. நல்லியோடு நாமும் தைப்பிறப்புக்கு முன் வாளையூர் வந்து, குடிகள்முன் நின்று, நம் பிழையை நம் வாயால் சொல்வோம். அன்று நீர் நம் அருகில் நிற்பீர்.

இவ்வோலையைக் கோட்டை வாயிலில், குடிகள் கேட்க, உமது குரலிலேயே படிக்க. படிக்கையில் கொற்றி உம்மருகில் எழுத்தாணியோடு நிற்பாள். சிற்றுயிர்களின் இனம்பற்றி நாம் எழுதியவற்றில் ஓர் எழுத்துப் பிழைப்பினும் அவள் அங்கேயே திருத்துவாள். அரசியின் ஓலையைத் திருத்தியவள் என்று அவளை நோக்கி ஒரு விரல் நீட்டுவோர், நம்மை நோக்கி நீட்டியவராவர்.

கோதைமாதேவி கையெழுத்து, வாளைமீன் இலச்சினை இட்டது. எழுதியவன் ஓலைநாயகம் குமரன் பொன்னன். நாடு நலம் பெறுக.